கவனக் காவலர் கிருஷ்ணப்பன்

"நைனா, அந்த அங்கிள் யாரப் பாத்து சிரிச்சிகினு கீறாரு?"

ரமாபாய் இப்படிக் கேட்டபோது அவளுக்கு ஆறு வயது. பள்ளிக்கூட லீவில் அப்பாவின் டிரெய்லரில் ஏறிக்கொண்டு, எண்ணூர் சாலையில் இருக்கும் கண்டெய்னர் யார்டுக்கு வந்திருந்தாள். கேட் பாஸ் ஜன்னலுக்கு வெளியே டிரைவர்கள் வியர்த்து வழிய நின்றிருந்தார்கள். ஜன்னலுக்கு உள்ளே, புதிதாக வந்திறங்கிய கம்ப்யூட்டருக்கு முன்னால் ஒருவர் தனியாக உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தார்.

அப்பா கிருஷ்ணப்பன் ஜன்னலை எட்டிப் பார்த்தார். "உள்ள யாரோ கீறாங்க போலம்மா. நல்லவங்களாத்தான் இருப்பாங்க" என்று சொல்லிவைத்தார். யாரையும் சட்டென்று தப்பாக நினைக்கத் தெரியாத மனிதர். கம்ப்யூட்டருக்குள் இருந்தது சீட்டாட்டம் என்பது அவருக்கு அப்புறம்தான் தெரிந்தது.

அந்தச் சீட்டாட்டத்தை ஒழிக்க யார்டு நிர்வாகம் ஒரு குழு போட்டது. எதிரியின் பலம் தெரியாமல் எப்படி ஒழிப்பது என்று குழுவினர் முதலில் தாங்களே ஆடிப் பார்த்தார்கள். ஆடிப் பார்ப்பதற்குச் சில வருடங்கள் பிடித்தன. அதற்குள் ஆர்க்குட் வந்துவிட்டது. சீட்டு தானாகவே ஒழிந்துபோனது. குழு தன் வெற்றியைக் கொண்டாடி எல்லோருக்கும் லட்டு கொடுத்தது. வெளியே வரிசையில் நின்ற டிரைவர்களுக்கும் ஆளுக்குப் பாதி கிடைத்தது.

ஆர்க்குட் என்பது கம்ப்யூட்டருக்குள் இருக்கும் ஒரு தெரு. அங்கே ஒவ்வொருவருக்கும் ஒரு வாசல். வாசலில் யார் வேண்டுமானாலும் வந்து நாலு வரி எழுதிவிட்டுப் போகலாம். யார் வந்து போனார்கள் என்று தெரிந்துகொள்ள, வாசலுக்குச் சொந்தக்காரர் நிமிஷத்துக்கு ஒருதரம் எட்டிப் பார்த்தாக வேண்டும். யார்டு ஊழியர்கள் எட்டிப் பார்த்துக்கொண்டே இருந்தார்கள். டிரெய்லர் வரிசை திருவொற்றியூர்ப் பக்கம் நீண்டுகொண்டே போனது. ஜன்னலுக்குள்ளே சிரிப்புச் சத்தம் கேட்டால் இன்னும் ஒரு மணி நேரம் ஆகும் என்று டிரைவர்கள் கணக்கு வைத்திருந்தார்கள். உள்ளே யாராவது முகம் வாடி உட்கார்ந்திருந்தால் வேலை மளமளவென்று நடக்கும். அதனால் அந்த ஊழியர்களின் காதல் தோற்க வேண்டும் என்று வேண்டிக்கொண்ட டிரைவர்களும் உண்டு. கிருஷ்ணப்பன் அப்படி வேண்டியதில்லை. டிரெய்லர் கண்ணாடிக்கு மேலே ஒட்டியிருந்த புத்தர் படத்தைப் பார்த்து, "எல்லாரும் நல்லா இருக்கட்டும், சீக்கிரமா பாஸும் குடுக்கட்டும்" என்று மட்டும் சொல்லிக்கொள்வார்.

ரமாபாய் பத்தாம் வகுப்புப் பரீட்சைக்கு உட்காரவிருந்த வருடம், யார்டின் பொது மேலாளர் தாமோதரன் விழித்துக்கொண்டார். ஊழியர்களையும் டிரைவர்களையும் ஒன்றாக நிற்கவைத்து மைக்கில் பேசினார்.

"இந்த யார்டில் ஒரு நாளைக்கு இரண்டு மணி நேரம் ஆர்க்குட்டால் வீணாகிறது. இனிமேல் அது நடக்காது. தினமும் மதியம் மூன்று மணி நேரம் கவனப் பாதுகாப்புக் கூட்டம் நடக்கும். நானே பேசுவேன். நான் ஆர்க்குட்டில் இல்லாத நேரமெல்லாம் ஆர்க்குட்டை எப்படி ஒழிப்பது என்றுதான் யோசித்துக்கொண்டிருக்கிறேன்."

ஊழியர்கள் கை தட்டினார்கள். கூட்டம் முடிகிற வரை ஜன்னல் சாத்தியிருக்கும் என்பது அடுத்த நாள் தெரிந்தது.

இரண்டாவது நடவடிக்கையாக, ஊழியர்கள் என்ன பார்க்கிறார்கள் என்பது பொதுமக்களுக்குத் தெரிய வேண்டும் என்று, எல்லாக் கம்ப்யூட்டர் திரைகளையும் ஜன்னல் பக்கமாகத் திருப்பி வைத்தார்கள். பின்பக்கம் பெருத்த பழைய திரைகள். அவற்றின் முதுகைப் பார்த்தபடி ஊழியர்கள் தட்டச்சு செய்தார்கள். முகத்தை டிரைவர்கள் பார்த்தார்கள். யாருடைய வாசலில் யார் என்ன எழுதினார்கள் என்று படித்துச் சொல்ல, கொஞ்சம் இங்கிலீஷ் தெரிந்த வேம்பு என்ற டிரைவரைச் சுற்றி எப்போதும் கூட்டம் நின்றது. ஓட்ட ஆளில்லாமல் டிரெய்லர்கள் நடுரோட்டில் நின்றன.

"மாமு, மூணாவது சீட்டு அக்காவுக்கு மாப்ள பாத்துட்டாங்கடா" என்று வேம்பு சேதி சொல்வான். வரிசையின் கடைசி வரை அது போய்ச் சேரும்.

திரை தெரியாததால் வேலையில் தப்பு வருகிறது என்று ஊழியர்கள் முறையிட்டார்கள். அது நியாயம்தான் என்று நிர்வாகம் ஆளுக்கு ஒரு முகம் பார்க்கும் கண்ணாடி வாங்கிக் கொடுத்தது. கண்ணாடியைக் கவுண்டரின் விளிம்பில் சாய்த்துவைத்து, அதில் தெரியும் திரையைப் பார்த்து அடித்தார்கள். கண்ணாடியில் எல்லாம் இடம் வலமாகத் தெரிந்தது. கிருஷ்ணப்பன் ஏற்றியிருந்தது துணிப் பொதி. ஒரு புதன்கிழமை அவர் கைக்கு வந்த பாஸிலோ யாரோ ஒருவருடைய ஃபிரிட்ஜ் கண்டெய்னரின் எண் இருந்தது. வெளிவாசல் காவலாளி அவரைத் திருப்பி அனுப்பினான். உள்ளே வந்த டிரைவர் சரியான பாஸ் இல்லாமல் நடந்தும் வெளியே போக முடியாது. அது யார்டின் பாதுகாப்பு விதி.

கிருஷ்ணப்பனுக்கோ வெள்ளிக்கிழமைக்குள் வெளியே போயாக வேண்டும்.

காரணம், ரமாபாயின் பள்ளிக்கூடமும் அதே மாதத்தில் விழித்துக்கொண்டிருந்தது. மாணவிகளின் கவனம் சிதறுகிறது என்று ஒரு உறுதிமொழி கொண்டுவந்தார்கள். ஒவ்வொரு பெண்ணின் தகப்பனாரும் நேரில் வந்து, தலைமையாசிரியை முன்னால், எங்கள் வீட்டில் யாரும் ஆர்க்குட்டில் இல்லை என்று கையெழுத்துப் போட வேண்டும். வெள்ளிக்கிழமை சாயங்காலத்துக்குள் போடாவிட்டால் ஹால் டிக்கெட் கிடையாது. வியாசர்பாடியில் அவர்கள் குடியிருந்த பிளாக்கில் கம்ப்யூட்டரே கிடையாது. டிவியும் மழைக்காலத்தில் வேலை செய்யாது. அவர் மனைவி அன்புக்கரசி வியாழக்கிழமையே பள்ளிக்கூடத்துக்குப் போய்ப் பார்த்தாள். அம்மா கையெழுத்து செல்லாது, அம்மாக்களுக்கு இந்த விஷயத்தில் விழிப்புணர்வு போதாது என்று சொல்லிவிட்டார்கள்.

"இன்னா பண்ணுவியோ தெரியாது, நாளைக்கு வந்துரு. புள்ள சோறு துன்னாம கீது" என்று செல்போனில் சொன்னாள்.

கிருஷ்ணப்பன் தாமோதரனின் அறை வாசலில் போய் நின்றார். பாஸ் தப்பாக இருப்பதைச் சொன்னார். பரீட்சையைச் சொன்னார். "பாஸ மாத்திக் குடுத்தீங்கன்னா பூடுவேன் சார்" என்றார்.

தாமோதரன் அவர் பாஸை வாங்கி, எண்ணை ஒருதரம், கண்டெய்னர் ரசீதை ஒருதரம் பார்த்தார். அவர் கண்கள் கலங்கின.

"இத்தனை ஆயிரம் பாஸ் போயிருக்கிறது. தப்பாக இருக்கிறது என்று கண்டுபிடித்தது நீங்கள் ஒருவர்தான். கவனம் என்றால் இதுதான். இப்படி ஒரு ஆளைத்தான் தேடிக்கொண்டிருந்தேன்."

கண்டுபிடித்தது காவலாளி என்று கிருஷ்ணப்பன் சொன்னதை அவர் கவனிக்கவில்லை. அன்று மதியமே கிருஷ்ணப்பன், யார்டின் முதல் 'கவனக் காவலர்' ஆக நியமிக்கப்பட்டார். சம்பளம் இல்லை, மூன்று மாதப் பதவி. கழுத்தில் ஒரு அட்டை மாட்டினார்கள். கண்டெய்னர் கட்டும் பழைய கயிறுகள் கிடந்த அறையைக் காலி செய்து, ஒரு நாற்காலியும் கம்ப்யூட்டரும் போட்டுச் சாவியை அவர் கையில் கொடுத்தார்கள். அவரைத் தவிர வேறு யார் அந்தக் கம்ப்யூட்டரைத் தொட்டாலும் குற்றம். தொட அனுமதித்தால் கவனக் காவலர் யார்டுக்குள் நுழையும் உரிமையையே இழப்பார்.

ஊழியர்கள் ஆர்க்குட்டில் இருக்கிறார்களா என்று கண்காணிக்க வேண்டுமானால், கண்காணிப்பவர் ஆர்க்குட்டில் இருந்தால்தானே முடியும்? அவர் பெயரில் ஒரு வாசலைத் திறந்தார்கள். அட்டை மாட்டிய போட்டோவையே அதில் போட்டார்கள். 'ஆர்க்குட் வேண்டாம்' என்ற பெயரில் தாமோதரன் அங்கே ஒரு கூட்டம் சேர்த்து வைத்திருந்தார். ஊழியர்கள் எல்லோரும் அதில் சேர்ந்தாக வேண்டும். சேர்ந்தவர்கள் ஆர்க்குட்டில் எவ்வளவு நேரம் இருந்தாலும் அது ஒழிப்புப் பணியாகக் கணக்கில் வரும். இதனால் அதைத் தொடங்கிய இரண்டே நாளில் யார்டில் ஆர்க்குட் பார்ப்பவர் யாருமே இல்லாமல் போனார்கள். எல்லோரும் ஒழித்துக்கொண்டிருந்தார்கள். பக்கத்து யார்டு மேலாளர் 'ஆர்க்குட் வேண்டவே வேண்டாம்' என்று போட்டிக்கு ஒன்று தொடங்கிவிட்டதால், எந்தப் பக்கம் ஆள் அதிகம் என்று தாமோதரன் சாப்பாட்டு வேளையிலும் எண்ணிக்கொண்டிருந்தார்.

"பாஸ் சார்?" என்று கிருஷ்ணப்பன் கேட்டார்.

"கவனக் காவலர் தன் அறிக்கையை 'ஆர்க்குட் வேண்டாம்' பக்கத்தில் போட்ட பிறகு பாஸ் தானாக வரும். மனிதர்கள் தலையிட்டால் கவனம் சிதறும்" என்றார் தாமோதரன்.

வெள்ளிக்கிழமை மதியம். கிருஷ்ணப்பன் கயிற்று அறையில் கம்ப்யூட்டருக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார். பதினாறு சக்கர வண்டியைச் சந்துக்குள் ரிவர்ஸ் எடுக்கும் அந்தக் கைகளுக்கு, ஒரு எழுத்தைத் தட்டத் தைரியம் வரவில்லை. தட்டினால் ஏதாவது திறந்துகொண்டது. முகம் தெரியாத ஒருவர் அவரை நண்பராக்கிக்கொள்ளட்டுமா என்று கேட்டார். கிருஷ்ணப்பன் திரையைப் பார்த்து, "மன்னிச்சிக்க நைனா, அப்புறமா" என்று வாய்விட்டே சொன்னார். கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தது. கூட்டத்தில் தாமோதரன் பேசும் சத்தம் மைக் வழியாக வந்துகொண்டிருந்தது. வேம்புவுக்கு டைப் அடிக்கத் தெரியும். அவன் அப்போது காட்டுப்பள்ளிப் பக்கம் லோடு போயிருந்தான். கிருஷ்ணப்பன் மேஜைமேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டார்.

வாசலில் நிழல் தட்டியது. ஜெரினா நின்றாள்.

ஜெரினா ஒப்பந்த ஊழியை, பாஸ் அச்சடிக்கிற பெண். தூத்துக்குடிப் பக்கத்திலிருந்து வந்து ராயபுரத்தில் பாத்திரக் கடை போட்டிருக்கும் குடும்பம். காலையில் அப்பா வண்டியில் கொண்டுவந்து விடுவார், சாயங்காலம் வாசலில் காத்திருந்து கூட்டிப்போவார். 'ஆர்க்குட் வேண்டாம்' கூட்டத்தில் சேராத ஒரே ஆள் அவள்தான். பெயர் வெளியே தெரிந்தால் அப்பா வேலையை விட்டு நிறுத்திவிடுவார் என்று பயம்.

"ஏண்ணே, புள்ளைக்கு இன்னைக்குத்தான கடைசி நாளு? வேம்பு அண்ணன் சொன்னாவ" என்றாள். "கொஞ்சம் தள்ளுங்க."

"வாணாம்மா. யாருனா பாத்துட்டா உனுக்குப் பேஜாரு."

"எல்லாரும் கூட்டத்துல இருக்காவ. என்ன எழுதணும், சொல்லுங்க."

கிருஷ்ணப்பன் நாற்காலியை விட்டு எழுந்து இடம் விட்டார். இன்றைக்கு யாரும் கவனம் சிதறவில்லை என்று அவளே எழுதிப் போட்டாள். தன் இடத்துக்கு ஓடிப்போய், திரையைத் தன் பக்கம் திருப்பி, சரியான எண் போட்ட பாஸை அச்சடித்துக் கொண்டுவந்தாள். அவர் வாங்கிக்கொள்ளும்போது, கூட்டத்தில் தண்ணீர் தீர்ந்துவிட்டதென்று வெளியே வந்த குழு உறுப்பினர் ஒருவர் எல்லாவற்றையும் பார்த்துவிட்டார்.

"நீங்க ஓடுங்கண்ணே" என்றாள் ஜெரினா.

அவர் ஓடினார். அது சரியா தப்பா என்று யோசிக்க அப்போது நேரம் இல்லை. டிரெய்லரை டோல்கேட் பக்கம் ஓரங்கட்டி, தெரிந்த டீக்கடைக்காரரிடம் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு, பஸ்ஸில் தொங்கிக்கொண்டு பள்ளிக்கூடம் போய்ச் சேர்ந்தபோது மணி ஐந்தாகச் சில நிமிடங்கள் இருந்தன. வாசலில் ரமாபாய் அம்மாவின் புடவையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

தலைமையாசிரியை சிலுவையம்மாள் அவரைப் பார்த்ததுமே எழுந்து நின்றார்.

"உங்களால் கையெழுத்துப் போட முடியாது, மிஸ்டர் கிருஷ்ணப்பன். நீங்களே ஆர்க்குட்டில் இருக்கிறீர்கள். நேற்று ராத்திரி உங்கள் போட்டோவை நானே பார்த்தேன்."

ரமாபாய் அப்பாவைப் பார்த்தாள். அன்புக்கரசியும் பார்த்தாள்.  தன் வாழ்நாளில் செய்யாத ஒரு குற்றத்தில் கையும் களவுமாகப் பிடிபட்டவர் போலக் கிருஷ்ணப்பன் தலை குனிந்தார். கழுத்திலிருந்த அட்டை ஆடியது.

தலைமையாசிரியையின் பார்வை அட்டையில் விழுந்தது. முகம் மாறியது.

"கவனக் காவலர்! அந்தக் காவலர் நீங்கள்தானா? நானும் 'ஆர்க்குட் வேண்டாம்' உறுப்பினர்தான். எங்கள் ஆசிரியைகள் எல்லோருமே உறுப்பினர்கள். மாணவிகள் யாராவது வருகிறார்களா என்று ராத்திரி முழுக்க உட்கார்ந்து கண்காணிக்கிறோம். பகலில் வகுப்பில் தூக்கம்தான் வருகிறது. என்ன செய்வது, சேவை. இதுவரைக்கும் ஒரு மாணவிகூடச் சிக்கவில்லை."

உறுதிமொழியில், 'என்னைத் தவிர' என்று இரண்டு வார்த்தைகளைச் சேர்த்துக் கையெழுத்து வாங்கிக்கொண்டார். ஹால் டிக்கெட்டை ரமாபாய் கையில் கொடுத்தார். கிருஷ்ணப்பன் போகும்போது, நேற்றே நண்பராகக் கேட்டிருந்தேன், நீங்கள் இன்னும் சம்மதிக்கவில்லை என்று கொஞ்சம் வருத்தத்தோடு நினைவுபடுத்தினார்.

ரமாபாய் அன்றைக்கு வயிறாரச் சாப்பிட்டாள். பரீட்சையும் எழுதத் தொடங்கினாள்.

அடுத்த வாரம் கிருஷ்ணப்பன் மறுபடி லோடு எடுக்க யார்டுக்கு வந்தபோது, ஜன்னலில் ஜெரினா இல்லை. வேம்பு சேதி சொன்னான். ஆர்க்குட் பார்த்த குற்றத்துக்காக யார்டில் பிடிபட்ட ஒரே ஆள் அவள்தானாம். கவனக் காவலர் தொட விடவில்லை, நானாகத்தான் தொட்டேன் என்று சொல்லிவிட்டாளாம். மற்றவர்கள் எல்லோரும் ஒழிப்புப் பணியில் இருந்ததால் வேறு யாரையும் பிடிக்க முடியவில்லை. ஒரு ஆளாவது பிடிபட்டதில் குழுவுக்குப் பெரிய நிம்மதி. அவள் கம்ப்யூட்டருக்கு வரும் இன்டர்நெட் கம்பியைப் பிடுங்கிவிட்டார்கள். பழைய பாஸ்களை அடுக்கும் வேலை கொடுத்திருக்கிறார்கள். தினமும் கூட்டம் முடிகிற கடைசிக் கால் மணி நேரத்துக்கு அவளை மேடைக்குக் கூப்பிட்டு, கவனம் சிதறினால் என்ன ஆகும் என்பதற்கு உதாரணமாக நிற்கவைக்கிறார்கள். மற்ற நேரம் அவளோடு யாரும் பேசக் கூடாது.

"என்னாண்ட கேட்டா, நீ ஒண்ணும் பண்ண முடியாது மாமு" என்றான் வேம்பு.

அது உண்மைதான். கிருஷ்ணப்பன் தாமோதரனிடம் போய், தப்பு என்னுடையது, அந்தப் பெண் எனக்காகத்தான் செய்தாள் என்று சொல்லிப் பார்த்தார். குற்றவாளிக்காகவும் மனம் இரங்கும் கவனக் காவலர் என்று தாமோதரன் அன்றைய கூட்டத்தில் அவரைப் பாராட்டிப் பேசினார். கை தட்டல் அடங்க நேரமானது. தண்டனையில் ஒன்றும் குறையவில்லை.

கயிற்று அறைக்கு வெளியே ஒரு பெஞ்ச் கிடந்தது. கூட்டம் நடக்கும்போது, கூப்பிடும் வரை ஜெரினா அங்கேதான் உட்கார்ந்து சாப்பிட வேண்டும். கிருஷ்ணப்பன் பக்கத்தில் போய் நின்றார். 

"உங்க புள்ள பரீட்சை எழுதுதாளா?" என்று அவளே கேட்டாள்.

"எழுதுதும்மா. தமிழ் நல்லா எழுதிக்கீதாம்."

"அது போதும்ணே."

கொஞ்ச நேரம் சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தாள். பிறகு, கேட்காமலே சொன்னாள். அண்ணன் அபின் ஷார்ஜாவில் இருக்கிறான். அப்பாவோடு சண்டை போட்டுக்கொண்டு போனவன். வீட்டில் அவன் பெயரை எடுக்கக் கூடாது, போன் வந்தாலும் அப்பா துண்டித்துவிடுவார். மதிய வேளையில் இந்த ஆபீஸ் கம்ப்யூட்டரில்தான் அண்ணனும் தங்கையும் நாலு வரி பேசிக்கொள்வார்கள். இப்போது அங்கே கம்பெனிகள் ஆட்களை வேலையை விட்டு அனுப்பிக்கொண்டிருக்கின்றன. அவன் தங்கியிருந்த இடமும் கைமாறுகிறது. எங்கே போகிறேன் என்று இந்த வாரத்துக்குள் உன் வாசலில் எழுதிவைக்கிறேன், அப்பா காதுக்குப் போகாமல் இருக்கச் சீக்கிரமே அழித்துவிடுவேன், பார்த்ததும் நம்பரைக் குறித்துக்கொள் என்று கடைசியாகச் சொல்லியிருந்தான்.

"எழுதியிருப்பான்" என்றாள். "பாக்கத்தான் முடியல."

கிருஷ்ணப்பன் சுற்றும்முற்றும் பார்த்தார். கழுத்து அட்டையோடு கோத்திருந்த சாவியை எடுத்து அறையைத் திறந்தார். உள்ளே போய், சாவி கொடுத்த அன்று காட்டித் தந்ததை நினைவில் வைத்துக் கம்ப்யூட்டரைப் போட்டார். ஆர்க்குட்டின் முகப்பு வந்து நின்றது. உள்ளே போகப் பெயர் கேட்கும் இடத்தில் அவர் எதையும் தட்டவில்லை. நாற்காலியைக் கொஞ்சம் பின்னால் இழுத்து வைத்தார். பிடிபட்டால் இனி இந்த யார்டு இல்லை. யார்டு இல்லாவிட்டால் டிரெய்லர் முதலாளி வேறு டிரைவரைப் பார்ப்பார். அதுவும் அவருக்குத் தெரியும். ஒரு நிமிடம் கண்ணை மூடி நின்றார். டிரெய்லரில் இருக்கும் புத்தரும் இப்படித்தான் கண் மூடியிருப்பார்.

வெளியே வந்து, கதவை விரியத் திறந்து வைத்தார். மைக்கில் தாமோதரன், ஒரு நொடிகூட வீணாகக் கூடாது என்பதை இன்னும் விரிவாக விளக்கிக்கொண்டிருந்தார்.

"உள்ள ஒரே புழுக்கம். காத்து வரட்டும்" என்றார் கிருஷ்ணப்பன், அவள் முகத்தைப் பார்க்காமல். "நானு டயரப் பாத்துட்டு வரேன். நேரமாவும்."

டிரெய்லர் நின்ற இடத்துக்குப் போனார். ஒவ்வொரு டயராக இரும்புக் கம்பியால் தட்டிப் பார்த்தார். எல்லாம் சரியாக இருந்தது. மறுபடி முதலிலிருந்து தட்டினார். அங்கிருந்து திரும்பினால் அறையின் ஜன்னல் தெரியும். திரைக்கு முன்னால் இருப்பவர் சிரிக்கிறாரா அழுகிறாரா என்று தெரிந்துவிடும். அவர் கடலைப் பார்த்துக்கொண்டு தட்டினார்.

மைக் சத்தம் நிற்கப்போகிற வேளையில் திரும்பி வந்தார். பெஞ்சில் யாரும் இல்லை. மேடைக்கு அவளைக் கூப்பிட்டுவிட்டார்கள். அறைக்குள் திரையில் அதே முகப்பு நின்றது. நாற்காலி மட்டும் மேஜையோடு ஒட்டி நெருக்கமாக இழுக்கப்பட்டிருந்தது.

விசைப்பலகையில், இரண்டு எழுத்துகளுக்கு நடுவே ஒரு சோற்றுப் பருக்கை ஒட்டியிருந்தது. கை கழுவக்கூட நிற்காமல் வந்திருக்கிறாள்.

கூட்டம் கலைந்து காலடிச் சத்தம் கேட்கத் தொடங்கியது. கிருஷ்ணப்பன் அந்தப் பருக்கையை விரல் நகத்தால் மெதுவாக எடுத்தார். கீழே போட மனம் வரவில்லை. ஜன்னல் விளிம்பில், எறும்பு வந்து எடுத்துப்போகிற இடமாகப் பார்த்து வைத்தார். சட்டை நுனியால் எழுத்துகளைத் துடைத்தார். நாற்காலியைப் பழைய இடத்துக்குத் தள்ளிவிட்டு, அதில் உட்கார்ந்து, அன்றைய அறிக்கைக்காக ஒற்றை விரலால் ஒவ்வொரு எழுத்தாகத் தேடத் தொடங்கினார்.